நிழலில் முளைத்து வெயிலில் பூக்கும் காந்தள்

வீட்டுக் கொல்லையில் ஒரு வேப்பமரம் நிற்கிறது. அதன் அடியில் எதை வைத்தாலும் சரியாக வருவதில்லை. ரோஜா நெட்டையாக வளர்ந்து பூக்காமல் நிற்கிறது. கத்தரி இலை விடுகிறதே தவிரக் காய் பிடிப்பதில்லை. கடைசியில் அந்த இடம் துணி துவைக்கும் கல்லுக்கும் உடைந்த வாளிக்கும் உரியதாகிவிடுகிறது. உங்கள் வீட்டிலோ பள்ளியிலோ இப்படி ஒரு மூலை இருக்கக்கூடும்.

அந்த மூலையைக் காலியாக விடவேண்டியதில்லை. நம் ஊர்க் காடுகளின் ஓரத்திலும், கிளுவை வேலிகளிலும், ஓடைக்கரைப் புதர்களிலும் மழைக்காலத்தில் தானே முளைத்து, பக்கத்துச் செடியைப் பிடித்து ஏறி, தீக்கொழுந்து போலப் பூக்கும் கொடி ஒன்று உண்டு. காந்தள் என்றும் செங்காந்தள் என்றும் நீங்கள் தமிழ்ப் பாடத்தில் படித்தது இதைத்தான். தமிழ்நாட்டின் மாநில மலரும் இதுவே. இது பல்லாண்டுத் தாவரம். பூத்துக் காய்த்தபின் மேலே உள்ள கொடி காய்ந்து மடிந்துவிடும். மண்ணுக்குள் கிழங்கு உயிரோடு கிடந்து அடுத்த மழைக்கு மீண்டும் முளைவிடும்.

வேப்பமரத்தடி மூலையில் இதை வளர்க்க முடியும். அதற்கு இரண்டு நிபந்தனைகள் உண்டு. முதலாவது, நிழல் என்றால் என்னவென்று புரிந்துகொண்டு இடத்தைத் தேர்ந்தெடுக்கவேண்டும். இரண்டாவது, இந்தச் செடி கிழங்கு முதல் விதை வரை கடும் நஞ்சு என்பதை ஒரு நாளும் மறக்கக்கூடாது. முதலாவதற்கு இயற்பியல் உதவும். இரண்டாவதைச் சொல்லும்போது நான் கொஞ்சம் கண்டிப்பான வாத்தியாராகவே இருக்கப் போகிறேன்.

பெயர்களில் இருக்கும் தாவரவியல்

இந்தச் செடிக்கு நம் மக்கள் வைத்திருக்கும் பெயர்களைக் கேட்டாலே பாதித் தாவரவியல் தெரிந்துவிடும். கிழங்கு கவட்டை போல இரண்டாகப் பிரிந்து கலப்பையை நினைவூட்டுவதால் கலப்பைக்கிழங்கு. கார்த்திகை மாதத்தை ஒட்டிப் பூப்பதால் கார்த்திகைப்பூ. இலையின் நுனி சுருண்டிருப்பதால் தலைச்சுருளி. கபிலர் பாடிய குறிஞ்சிப்பாட்டில் 99 மலர்களின் வரிசை ஒன்று வருகிறது. அதில் முதலில் நிற்பது செங்காந்தள். ஸ்வீடன் நாட்டு அறிஞர் லின்னேயஸ் 1753-ஆம் ஆண்டில் இதற்கு குளோரியோசா சூப்பர்பா என்று பெயரிட்டார். அதுவே இன்றும் அறிவியல் பெயர். பழைய புத்தகங்களில் இதை அல்லிக் குடும்பத்தில், அதாவது லில்லியேசியில் சேர்த்திருப்பார்கள். இப்பொழுது கோல்ச்சிக்கேசி என்ற தனிக் குடும்பத்தில் வைக்கிறார்கள்.

கண்வலிக்கிழங்கு என்றும் ஒரு பெயர் உண்டு. இந்தப் பூவை உற்றுப் பார்த்துக்கொண்டிருந்தால் கண் வலிக்கும் என்பது ஊர்ப்பேச்சு. ஒரு பூ தன்மேல் விழும் ஒளியில் ஒரு பகுதியைத்தான் திருப்பி அனுப்ப முடியும். சிவப்புப் பூவோ நீலத்தையும் பச்சையையும் பெரும்பாலும் விழுங்கிவிட்டு எஞ்சியதை மட்டுமே அனுப்புகிறது. கொடியில் உலரும் வெள்ளை வேட்டி இதைவிட அதிக ஒளியை உங்கள் கண்ணுக்கு அனுப்பும். ஆகவே தயங்காமல் பாருங்கள். பார்த்த கையோடு கண்ணைக் கசக்காமல் இருந்தால் போதும். செடியைத் தொட்ட கை கண்ணில் படக்கூடாது.

நிழலை அளப்பது எப்படி?

மரநிழலைத் தரையில் கவனியுங்கள். முழுவதும் இருட்டாக இல்லை; ஆங்காங்கே ஒளிவட்டங்கள் சிதறிக் கிடக்கின்றன. இலைகளுக்கு இடையிலுள்ள சந்துகள் முக்கோணமாகவும் கோணல்மாணலாகவும் இருக்க, தரையில் விழும் ஒளி மட்டும் ஏன் வட்டமாக இருக்கிறது? ஒவ்வொரு சிறு சந்தும் ஓர் ஊசித்துளைக் காமிராவாக வேலை செய்கிறது. தரையில் நீங்கள் காணும் வட்டம் சூரியனின் பிம்பம். 2019 டிசம்பர் 26 அன்று கோவை, திண்டுக்கல் பக்கங்களில் வளைய சூரிய கிரகணம் தெரிந்தபோது, மரத்தடிகளில் இந்த வட்டங்கள் எல்லாம் வளையல்களாக மாறிக் கிடந்தன. வானத்தைப் பார்க்காமலே கிரகணத்தைப் பார்க்க அது நல்ல வழி.

இந்த வட்டங்களைக்கொண்டு ஒரு கணக்குப் போடலாம். சூரியன் நம்மிடமிருந்து சுமார் 15 கோடி கிலோமீட்டர் தொலைவில் உள்ளது. அதன் விட்டம் சுமார் 13.9 லட்சம் கிலோமீட்டர். தொலைவு விட்டத்தைப்போல ஏறத்தாழ 108 மடங்கு. ஊசித்துளையின் இருபுறமும் உள்ள முக்கோணங்கள் வடிவொத்தவை ஆதலால், தரையிலுள்ள வட்டத்தின் விட்டத்தை 108-ஆல் பெருக்கினால் அந்தச் சந்து எவ்வளவு தொலைவில் இருக்கிறது என்பது கிடைக்கும். வட்டம் 5 செ.மீ. என்றால் சந்து சுமார் 5.4 மீட்டருக்கு அப்பால் இருக்கிறது. காலையிலும் மாலையிலும் வட்டம் நீண்டு நீள்வட்டமாகிவிடும். அப்பொழுது குறுகிய அச்சை அளந்துகொள்ளுங்கள். பெரிய சந்துகளுக்கு இந்தக் கணக்கு பொருந்தாது. அங்கே ஒளித்திட்டு சந்தின் வடிவத்தையே காட்டும்.

தோட்டத்துக்கு வேண்டியது இன்னும் எளிய அளவை. பழைய நாள்காட்டித் தாளின் பின்புறத்தில் பத்துக்குப் பத்தாக நூறு கட்டங்கள் வரையுங்கள். செடி வைக்க நினைக்கும் இடத்தில் தாளைத் தரையில் விரித்து, வெயில் பட்ட கட்டங்களை எண்ணுங்கள். காலை 9 மணி, நண்பகல், பிற்பகல் 3 மணி என்று மூன்று முறை எண்ணிக் குறித்துக்கொள்ளுங்கள். கண்ணை நம்பவேண்டாம் என்பதற்காகத்தான் இந்த ஏற்பாடு. நடுப்பகல் வெயிலில் வெட்டவெளியின் ஒளிச்செறிவு சுமார் ஒரு லட்சம் லக்ஸ். கட்டடத்தின் நிழலில் நின்றால் அது பத்தில் ஒரு பங்காகக் குறைகிறது. வகுப்பறைக்குள் சில நூறு லக்ஸ்தான். இருந்தும் வகுப்பறையில் புத்தகம் படிக்க உங்களுக்கு ஒரு தடையும் இல்லை. கண் அவ்வளவு எளிதில் தன்னைச் சரிசெய்துகொள்கிறது. இலைக்கு அந்த வித்தை தெரியாது. அதற்கு வந்துசேரும் ஒளியின் கணக்குதான் உணவின் கணக்கு. என் அனுபவத்தில், மூன்று முறைகளில் ஒரு முறையாவது நூற்றுக்கு முப்பது கட்டங்களில் வெயில் விழும் இடத்தில் காந்தள் நன்றாக வருகிறது. மாமரத்தடி போல நாள் முழுவதும் ஐந்து பத்துக்கு மேல் தேறாத இடத்தில் கொடி ஏறும். பூவை எதிர்பார்க்க முடியாது.

அளவு மட்டுமல்லாமல் நிழலின் தன்மையும் வேறுபடுகிறது. சுவரின் நிழலும் மரத்தின் நிழலும் ஒன்றல்ல. சுவர் சூரியனை முழுவதுமாக மறைத்துவிடும். ஆனால் திறந்த வானத்திலிருந்து சிதறிய ஒளி தாராளமாக வரும். மரத்தடியில் வருவது இலைகள் வடிகட்டிய ஒளி. பச்சையம் நீல ஒளியையும், 660 நானோமீட்டரை ஒட்டிய சிவப்பு ஒளியையும் உறிஞ்சிவிடுகிறது. 730 நானோமீட்டரை ஒட்டிய சேய்ச்சிவப்பு ஒளியோ இலையை ஊடுருவிக் கீழே வந்துவிடுகிறது. நம் கண்ணுக்கு அது ஏறத்தாழத் தெரியாது. தாவரங்களுக்குத் தெரியும். அவற்றின் உடலில் பைட்டோகுரோம் என்ற நிறமி இருக்கிறது. சிவப்புக் குறைந்து சேய்ச்சிவப்பு மிகும்போது, தலைக்குமேல் வேறு இலை இருக்கிறது என்ற செய்தி அதன் வழியே செடிக்குக் கிடைக்கிறது. வெயில் விரும்பும் செடிகள் பலவும் இந்தச் செய்தி கிடைத்தவுடன் தண்டை நீட்டத் தொடங்கிவிடும். உங்கள் வேப்பமரத்தடி ரோஜா நெட்டையானதற்கு இது ஒரு காரணம்.

ரோஜா தண்டை நீட்டிவிட்டுத் தத்தளிக்கிறது. காந்தளிடம் அதற்கு மேலும் ஓர் ஏற்பாடு இருக்கிறது. அதைப் புரிந்துகொள்ள ஒரு கணம் இங்கிலாந்துக் காட்டுக்குப் போய்வருவோம். அங்கே நீலமணிப் பூ என்ற காட்டுப்பூ ஓக் மரங்களுக்கு அடியில் வளர்கிறது. குளிர்காலத்தில் அந்த மரங்கள் மொட்டையாக நிற்கும். வசந்தத்தில் மரங்கள் முழுதாகத் தழைத்து வானத்தை மூடுவதற்கு முன்பே, நீலமணி இலைவிட்டுப் பூத்துத் தன் வேலையில் பெரும்பகுதியை முடித்துக்கொள்ளும். அங்கே செடி நிழலிலிருந்து காலத்தால் தப்பிக்கிறது. நம் இலையுதிர் காடுகளில் அது நடவாது. இங்கே மரங்கள் இலையின்றி நிற்பது கோடையில். அப்பொழுது வெயில் தரைவரை வரும். ஆனால் மண்ணில் சொட்டு ஈரம் இருக்காது. மழை வரும்போது மரமும் தழைக்கிறது, கிழங்கும் முளைக்கிறது. தண்ணீரும் நிழலும் ஒரே நாளில் வந்துசேர்கின்றன. காலத்தால் தப்ப வழியில்லாத காந்தள் இடத்தால் தப்பிக்கிறது. நிழலில் முளைத்து, கிடைத்ததைப் பிடித்து ஏறி, தலையை வெயிலுக்குக் கொண்டுபோய் அங்கே பூக்கிறது.

மரத்துக்கு எந்தப் பக்கம்?

ஆகவே நாம் தேடவேண்டியது, முளைக்கும் பருவத்தில் நிழலும் பூக்கும் பருவத்தில் வெயிலும் உள்ள இடம். அப்படி ஓர் இடம் மரத்தை நகர்த்தாமலே கிடைக்குமா? கிடைக்கும். சூரியன் நகர்கிறதே!

திருச்சியை எடுத்துக்கொள்வோம். அது ஏறத்தாழ 11 பாகை வட அட்சத்தில் உள்ளது. ஏப்ரல் மூன்றாம் வாரத்திலும் ஆகஸ்டு கடைசி வாரத்திலும் நண்பகல் சூரியன் அங்கே நேர் உச்சியில் நிற்கும். இந்த இரண்டுக்கும் இடைப்பட்ட நாட்களில் நண்பகல் சூரியன் உச்சிக்கு வடக்கே இருக்கும். காந்தளை நடும் ஆடி மாதத் தொடக்கத்தில் உச்சியிலிருந்து சுமார் 10 பாகை வடக்கே. அப்பொழுது மரத்தின் நண்பகல் நிழல் சற்றுத் தெற்கே தள்ளி விழும். கார்த்திகை வந்துவிட்டால் சூரியன் உச்சியிலிருந்து 30 பாகைக்குமேல் தெற்கே போய்விடுகிறது. நிழல் வடக்கே பெயர்ந்துவிடும். கிளைகள் தரையிலிருந்து 5 மீட்டர் உயரத்தில் இருந்தால், ஆடியில் நிழல் சுமார் 90 செ.மீ. தெற்கே தள்ளி இருக்கும். கார்த்திகையில் சுமார் 3 மீட்டர் வடக்கே தள்ளி இருக்கும்.

அப்படியானால் மரக்குடையின் தெற்கு விளிம்பு என்ன ஆகிறது? ஆடியில் நண்பகல் நிழலுக்குள் இருக்கிறது. கார்த்திகையில் நிழல் விலகி வெயிலில் நிற்கிறது. காந்தளுக்கு வேண்டியது அப்படியே இதுதான். வடக்கு விளிம்பில் வைத்தால் எல்லாம் தலைகீழாகிவிடும். மரத்தின் தெற்கு விளிம்பில், அடிமரத்திலிருந்து குறைந்தது ஆறேழு அடி தள்ளி, குழி எடுங்கள். அடிமரத்தை ஒட்டி வைத்தால் மரத்தின் பெரிய வேர்கள் தண்ணீரைப் பங்குக்குக் கேட்கும்.

வெட்டவெளியில் காந்தள் வராதா என்று கேட்டால், வரும். திருப்பூர் மாவட்டத்து மூலனூர்ப் பக்கத்திலும் வேதாரண்யத்திலும் விவசாயிகள் விதைக்காக இதை வயலில் பயிரிடுகிறார்கள். கம்பிப் பந்தலிலும் கிளுவையிலும் ஏற்றிவிடுகிறார்கள். பாசனமும் பராமரிப்பும் இருந்தால் அது சாத்தியம். கொல்லையில் நாம் தண்ணீர் ஊற்ற மறந்த நாட்களில் செடியைக் காப்பாற்றுவது நிழல்தான். இதில் கொஞ்சம் வெப்பவியல் இருக்கிறது.

வெயில் நேரடியாக அறையும் வெற்று மண்ணின் மேற்பரப்பு கடும் வெயிலில் 50 டிகிரி செல்சியசைத் தாண்டிவிடும். வெறுங்காலோடு நடந்தவர்களுக்கு இதைச் சொல்லவேண்டியதில்லை. இந்த வெப்பம் ஓர் அலையாக மண்ணுக்குள் இறங்குகிறது. இறங்க இறங்க நலிகிறது. மண்ணின் தன்மையையும் ஈரத்தையும் பொறுத்து மாறினும், சுமார் 10 செ.மீ. ஆழத்தில் பகல் இரவு ஏற்ற இறக்கம் மேற்பரப்பில் இருப்பதில் மூன்றில் ஒரு பங்கே இருக்கும். உச்ச வெப்பமும் அங்கே ஏறத்தாழ நான்கு மணி நேரம் பிந்தியே வந்துசேரும். மேலே ஒரு படுகை சருகு போட்டால், சருகுகளுக்கு இடையில் சிக்கிய காற்று வெப்பத்தை எளிதில் கடத்தாததால், மண் இன்னும் குளிர்ந்திருக்கும். காட்டில் இந்த வேலையை யாரும் செய்வதில்லை. சருகு தானே விழுகிறது. நாம்தான் தினமும் கூட்டிப் பெருக்கிக் கொளுத்துகிறோம். காந்தள் வைத்த இடத்தில் விளக்குமாற்றுக்கு விடுமுறை கொடுங்கள்.

நடும் முறை

கிழங்கை எடுத்துப் பாருங்கள், கையுறையோடு. கவட்டையின் இரண்டு கைகள். ஒவ்வொரு கையின் நுனியிலும் ஒரே ஒரு முளைக்குருத்து. உருளைக்கிழங்கைப் போல உடம்பெல்லாம் கண்கள் கிடையாது. நுனி ஒடிந்துபோனால் அந்தத் துண்டு மண்ணில் கிடந்து அழுகவேண்டியதுதான். இரண்டு கைகளும் சேரும் முழங்கையில் பிரித்தால் இரண்டு செடிகள் கிடைக்கும். சுமார் 50 கிராமுக்குக் குறையாத துண்டாக இருந்தால் முதல் ஆண்டிலேயே பூக்கும். சிறியதானால் ஓரிரு ஆண்டு பொறுக்கவேண்டும்.

செம்மண், மணல், மட்கிய இலை மூன்றையும் கலந்து குழியை நிரப்புங்கள். களிமண் நிலமானால் தரையைவிட ஒரு சாண் உயரமாகச் செங்கல் அடுக்கிப் பாத்தி கட்டுவது நல்லது. தண்ணீர் தேங்கினால் கிழங்கு அழுகிவிடும். இந்தச் செடி நிழலைப் பொறுக்கும், சேற்றைப் பொறுக்காது. கிழங்கைப் படுக்கை வாட்டில் வைத்து, நான்கு விரற்கடை மண் மூடி, ஒரு முறை தண்ணீர் விடுங்கள். அடுத்த கிழங்கை ஒன்றரை அடி தள்ளி நடுங்கள். பிறகு மழை பார்த்துக்கொள்ளும்.

முளை வந்ததும் அதற்குப் பிடிமானம் வேண்டும். இங்கேதான் பலர் தடிமனான மூங்கிலை நட்டுவிட்டு, கொடி ஏன் பற்றவில்லை என்று வியக்கிறார்கள். அவரைக்கொடி தண்டையே சுற்றிக்கொண்டு ஏறும். காந்தளுக்கு ஒவ்வோர் இலையின் நுனியும் மெலிந்து பற்றுக்கம்பியாகிறது. அதன் நீளம் சில சென்டிமீட்டர்தான். அது வளைத்துப் பிடிக்கக்கூடியது பென்சிலைவிட மெல்லிய குச்சி, கம்பி, கயிறு, பக்கத்துச் செடியின் காம்பு. ஆகையால் உலர்ந்த முருங்கைக் குச்சிகளையோ, கிளை கிளையாகப் பிரிந்த முள்ளில்லாத மிலாறுகளையோ நட்டுவையுங்கள். சார்லஸ் டார்வின் 1865-இல் வெளியிட்ட ஏறுகொடிகள் பற்றிய ஆய்வில் காந்தள் இனச் செடி ஒன்றும் இடம்பெற்றிருக்கிறது. பொழுதுபோகாத ஒரு விடுமுறை நாளில் நீங்களும் அவரைப்போலப் பார்க்கலாம். ஓர் இலை நுனிக்குப் பக்கத்தில் துடைப்பக் குச்சியை ஊன்றி, மணிக்கு ஒரு முறை அதன் நிலையைத் தாளில் வரைந்துகொண்டே வாருங்கள். குச்சியைத் தொட்ட பக்கம் மெதுவாகவும் எதிர்ப்பக்கம் விரைவாகவும் வளர்வதால் நுனி குச்சியை நோக்கி வளைகிறது.

இவ்வளவு மெல்லிய நுனி, ஆறடிக் கொடியைக் காற்றில் எப்படித் தாங்குகிறது? கிணற்றில் பளுவான பொருளை இறக்குபவர் கயிற்றைத் தூணில் ஒரு சுற்றுச் சுற்றிப் பிடித்துக்கொள்வதைப் பார்த்திருப்பீர்கள். சுற்றும் கோணம் கூடக்கூட உராய்வு பெருக்கல் கணக்கில் ஏறுகிறது. உராய்வுக் குணகம் 0.5 என்று கொண்டால், ஒரு முழுச்சுற்றில் நம் கை தாங்குவதைப்போல 23 மடங்கு பளுவைக் கயிறு தாங்கும். இரண்டு சுற்றில் அது 500 மடங்கைத் தாண்டிவிடும். காந்தளின் இலை நுனி ஒன்றிரண்டு சுற்றோடு நின்றுவிடுவதில் வியப்பில்லை, அதற்குமேல் தேவையில்லை.

பூவைப் பார்க்கும்போது

மொட்டு தலைகீழாகத் தொங்கும். விரியும்போது ஆறு இதழ்களும் பின்புறமாக மடங்கி மேல்நோக்கி நிமிர்ந்துகொள்ளும். முதலில் பச்சை, பிறகு அடியில் மஞ்சளும் நுனியில் சிவப்பும், நாட்கள் செல்ல முழுவதும் சிவப்பு. ஒரே கொடியில் இந்த எல்லா நிலைகளையும் ஒருசேரக் காணலாம். மகரந்தத்தாள்கள் ஆறும் குடைக்கம்பிகள் போலச் சுற்றிலும் விரிந்து நிற்க, சூல்தண்டு மட்டும் அடியிலேயே ஏறத்தாழச் செங்கோணத்தில் மடங்கிப் பூவுக்கு வெளியே ஒதுங்கி நீட்டிக்கொண்டிருக்கும். சொந்த மகரந்தம் அதன்மேல் விழும் வாய்ப்பு குறைவு. தேன்சிட்டும் வண்ணத்துப்பூச்சியும் ஒரு பூவிலிருந்து மறுபூவுக்கு மகரந்தத்தைக் கொண்டுபோகின்றன. வயலில் அவற்றை மட்டும் நம்பாமல், காலை நேரத்தில் ஆட்கள் பூப்பூவாகச் சென்று கையாலேயே மகரந்தம் சேர்ப்பார்கள்.

நஞ்சு

இனி இரண்டாவது நிபந்தனை. காந்தளின் எல்லாப் பகுதிகளிலும், குறிப்பாகக் கிழங்கிலும் விதையிலும், கோல்ச்சிசின் என்ற பொருள் இருக்கிறது. உயிரணு இரண்டாகப் பிரியும்போது குரோமோசோம்களை இருபுறமும் இழுத்துச் செல்ல நுண்குழல்கள் தோன்றுகின்றன. கோல்ச்சிசின் அந்த நுண்குழல்களைக் கட்டவிடாமல் தடுத்துவிடுகிறது. உயிரணு பிரியத் தொடங்கிப் பாதியில் நின்றுபோகிறது. நம் உடலில் ஓயாமல் உயிரணுக்கள் பிரிந்துகொண்டிருக்கும் இடங்கள் எவை? குடலின் உட்சுவர், எலும்பு மஜ்ஜை, மயிர்க்கால். ஆகவே இந்த நஞ்சு உள்ளே போனால் சில மணி நேரத்தில் வாந்தியும் பேதியும் தொடங்குகின்றன. அடுத்த சில நாட்களில் இரத்த அணுக்கள் குறைந்து, சிறுநீரகம், இதயம் முதலிய உறுப்புகள் பழுதடைகின்றன. பிழைத்தவர்களுக்கு ஓரிரு வாரம் கழித்துத் தலைமுடி கொட்டுகிறது. தமிழ்நாட்டிலும் இலங்கையிலும் இதனால் இறந்தவர்கள் உண்டு. அவர்களில் சிலர், வேறு ஏதோ உண்ணும் கிழங்கு என்று நம்பி இதை அவித்துச் சாப்பிட்டவர்கள். அவித்தாலும் இந்த நஞ்சு போய்விடாது.

இதே பொருளை மருத்துவர்கள் கீல்வாத வகையில் ஒன்றான கௌட் நோய்க்கு அரை மில்லிகிராம் அளவு மாத்திரைகளாகக் கொடுக்கிறார்கள். நம் விவசாயிகள் விளைவிக்கும் விதை அந்தத் தொழிலுக்குத்தான் போகிறது. தாவர ஆய்வாளர்கள் 1937 முதல் இதைக்கொண்டு செடிகளின் குரோமோசோம் எண்ணிக்கையை இரட்டிப்பாக்கி வருகிறார்கள். விதையில்லாத் தர்ப்பூசணி அப்படி வந்ததே. மருந்துக்கும் நஞ்சுக்கும் இடையே இங்கே இருக்கும் தூரம் சில மில்லிகிராம். நாட்டுவைத்தியம் என்று யார் சொன்னாலும் வீட்டில் இதைத் தயாரிக்க முற்படாதீர்கள்.

வளர்ப்பவர்கள் கடைப்பிடிக்கவேண்டியவை அதிகமில்லை. ஆனால் ஒன்றையும் விட்டுவிடக் கூடாது. கிழங்கைத் தொடும்போது கையுறை அணியுங்கள். முடிந்ததும் சோப்புப் போட்டுக் கழுவுங்கள். சேனை, கருணை, சர்க்கரைவள்ளி இருக்கும் பாத்தியிலோ கூடையிலோ இதைச் சேர்க்காதீர்கள். எஞ்சிய கிழங்கைச் சமையலறைப் பக்கமே கொண்டுவரக்கூடாது. காய் முற்றினால் மூன்றாக வெடித்து, குன்றிமணி போன்ற சிவந்த விதைகளைக் காட்டும். சிறு பிள்ளைகள் கை நீட்ட இதைவிட வேறென்ன வேண்டும்? ஆகவே விதை தேவையில்லை என்றால் பூ வாடியதுமே காம்போடு நறுக்கி மண்ணில் புதைத்துவிடுங்கள். ஆடு மாடு மேயும் இடத்திலும் வேண்டாம். யாராவது தெரியாமல் தின்றுவிட்டால், வாந்தி வருகிறதா என்று காத்திராமல் உடனே மருத்துவமனைக்கு அழைத்துச் செல்லுங்கள். தின்ற செடியின் துண்டு ஒன்றையும் எடுத்துச் சென்று காட்டுங்கள். தொடக்கத்தில் நன்றாக இருப்பவர்போலத் தோன்றுவது இந்த நஞ்சின் இயல்பு.

பள்ளித் தோட்டத்தில் வைக்கலாமா என்று மாணவர்கள் என்னைக் கேட்பதுண்டு. தொடக்கப்பள்ளியும் சேர்ந்த வளாகமானால் வைக்கவேண்டாம் என்பதே என் கருத்து. மாநில மலர் என்ற பெருமை ஐந்து வயதுப் பிள்ளைக்குத் தெரியாது. உயர்நிலைப்பள்ளியாக இருந்து, வேலியும் பூட்டும் பெயர்ப்பலகையும் பொறுப்பான ஆசிரியரும் இருந்தால் வைக்கலாம். பலகையில் பெயருக்குக் கீழே நஞ்சு என்ற சொல் பெயரைவிடப் பெரிய எழுத்தில் இருக்கட்டும்.

கிழங்குக்காகக் காட்டுக்குள் மண்வெட்டியோடு போகவேண்டாம். காப்புக்காட்டிலிருந்து செடிகொடிகளைத் தோண்டி எடுப்பது சட்டப்படி குற்றம். வேலியோரத்தில் பூத்துநிற்கும் ஒன்றைப் பிடுங்கினால், நுனி ஒடிந்து உங்களுக்கும் பயன்படாமல் வேலிக்கும் இல்லாமல் போகும். பயிரிடுபவர்களிடமோ நம்பகமான நாற்றுப்பண்ணையிலோ விலைகொடுத்து வாங்குங்கள். விதையிலிருந்தும் வளர்க்கலாம். முளைக்கவே வாரங்கள், சில சமயம் மாதங்கள் பிடிக்கும்; பூக்க மூன்று நான்கு ஆண்டுகள் ஆகும். ஒன்பதாம் வகுப்பில் விதைத்தால் கல்லூரிக்குப் போகும்போது பூக்கும்.

தை, மாசியில் கொடி மஞ்சளித்துக் காய்ந்துவிடும். செடி செத்துவிட்டது என்று கிளறிப் பார்க்காதீர்கள். தண்ணீர் ஊற்றவும் வேண்டாம். பழைய கிழங்கு சுருங்கிப்போய், அதன் இடத்தில் புதிய கவட்டை ஒன்று உருவாகியிருக்கும். அதுவும் சென்ற ஆண்டு நட்ட அதே புள்ளியில் இராது; கவட்டையின் கை நீளத்துக்குச் சற்றே விலகியிருக்கும். ஆகவே இடம் தெரிய நான்கு மூலையிலும் நான்கு குச்சிகளை ஊன்றி, சருகை அப்படியே விட்டுவிடுங்கள். மாசி, பங்குனியில் வேப்பமரம் தன் பங்குக்கு இன்னும் கொஞ்சம் இலையை அதன்மேல் உதிர்க்கும். ஆனி, ஆடியில் நல்ல மழை ஒன்று பெய்த பத்துப் பதினைந்து நாளில், அந்தச் சருகை விலக்கிக்கொண்டு வெளிர்ப்பச்சையாக ஒரு கூர்முனை தலைகாட்டுகிறதா என்று போய்ப் பாருங்கள்.